ஒரு ரூபாய் சம்பளத்தில் ஒரு படம்! 'அழகி' நந்திதா தாஸ் போன பாதை

'அழகி' தனலட்சுமியை மறக்க முடியுமா? 2002-ல் வந்த தங்கர்பச்சான் படத்தில், பள்ளிக்கூடத்தில் காதலித்தவன் வீட்டிலேயே வேலைக்காரியாக வந்து தியேட்டரை அழ வைத்தவர் நந்திதா தாஸ். படம் நன்றாக ஓடியது. ஆனாலும் பெரிய ஹீரோக்களோடு டூயட் பாட அவர் வரவில்லை. ஏன்?

அவர் இருப்பது வேறு உலகம். பெரிய கம்பெனி பணமோ ஸ்டார் சம்பளமோ இல்லாமல் எடுக்கும் படங்களை சுயாதீனப் படம் என்கிறார்கள். நம்ம ஊரில் 'ஆர்ட் படம்' என்றால் புரியும். பட விழாவில் கைதட்டல் கிடைக்கும். தியேட்டர் கிடைப்பதுதான் குதிரைக் கொம்பு.

டெல்லியில் சமூகப் பணி படித்து, தெரு நாடகத்தில் நடித்தவர் நந்திதா. தீபா மேத்தாவின் 'ஃபயர்' (1996) அவரை உலகத்துக்குக் காட்டியது. இரண்டு மருமகள்களுக்கு இடையே வரும் காதல்தான் கதை. 1998 டிசம்பரில் மும்பையில் இந்தப் படம் ஓடிய தியேட்டரை சிவசேனா கட்சியினர் அடித்து நொறுக்கினர். மீண்டும் சென்சாருக்குப் போன படம், வெட்டு எதுவும் இல்லாமல் 1999-ல் திரும்ப ரிலீசானது.

நிறம் ஒரு பிரச்சினை

குடிசைப் பெண் வேஷம் என்றால் கறுப்பு நிறம் ஓகே. படித்த, பணக்காரப் பெண் வேஷம் என்றால் மட்டும் மேக்கப்பில் நிறத்தைக் கூட்டச் சொல்வார்களாம். இதை நந்திதாவே பல தடவை சொல்லியிருக்கிறார். 'கறுப்பும் அழகுதான்' என்று சென்னையில் உள்ள பெண்கள் அமைப்பு ஒன்று 2009-ல் தொடங்கிய பிரசாரத்துக்கு 2013-ல் அவர் முகம் கொடுத்தார்.

பத்து வருஷ காத்திருப்பு

டைரக்டராக முதல் படம் 'ஃபிராக்' 2008-ல். அடுத்த படம் 'மண்ட்டோ' 2018-ல். நடுவில் பத்து வருஷம்! எழுத்தாளர் மண்ட்டோவாக நடித்த நவாசுதீன் சித்திக் வாங்கிய சம்பளம் ஒரே ஒரு ரூபாய். ரிஷி கபூர் அதைக்கூட வாங்கவில்லை. இப்படி நாலு பேர் விட்டுக்கொடுத்தால்தான் இந்த மாதிரிப் படம் முடியும். அது கேன்ஸ் விழாவரை போனது.

2023-ல் தியேட்டருக்கு வந்த 'ஸ்விகாட்டோ'வில் ஹீரோ யார் தெரியுமா? ஃபேக்டரி வேலை போய், பைக்கில் சாப்பாடு டெலிவரி செய்யும் ஒரு குடும்பஸ்தன். ரேட்டிங் குறைந்தால் அவன் வயிற்றில் அடி. அப்படிப்பட்டவன் கதைக்குப் பணம் போட ஆள் கிடைப்பது கஷ்டம். நந்திதா அதைத்தான் தேடிப் போய் எடுக்கிறார்.