விண்வெளிப் பயணம்: நட்டம் யாருடையது?

வணிகவியல் மாணவனுக்கு ராக்கெட்டில் என்ன வேலை என்று இயற்பியல் துறை நண்பர்கள் கேட்கலாம். கேட்கட்டும். அடக்கவிலைக் கணக்கியல் வகுப்பில் ‘ஒப்பந்தக் கணக்கு’ என்னும் பாடம் நடந்துகொண்டிருந்தபோதுதான் இக்கட்டுரையை எழுதும் எண்ணம் எனக்குப் பிறந்தது.

விண்வெளி ஆராய்ச்சி முன்பு அரசாங்கத்தின் கையில் இருந்தது, இப்போது தனியார் கைக்குப் போய்விட்டது என்று பலரும் பேசுகிறார்கள். இது பாதிதான் உண்மை. 1969 ஜூலையில் ஆம்ஸ்ட்ராங்கும் ஆல்டிரினும் சந்திரனில் இறங்கிய கலத்தைச் செய்தது கிரம்மன் என்னும் தனியார் நிறுவனம். தாய்க்கலத்தைச் செய்தது நார்த் அமெரிக்கன். அவற்றைச் சுமந்து சென்ற சாட்டர்ன் 5 ராக்கெட்டின் முதல் அடுக்கு போயிங்குடையது. அதற்கும் முன்பே, 1962-இல், ஏ.டி. அண்டு டி. என்னும் தொலைபேசி நிறுவனம் டெல்ஸ்டார் என்ற தன் சொந்தச் செயற்கைக்கோளை, அரசு அமைப்பாகிய நாசாவுக்குக் கட்டணம் செலுத்தி விண்ணில் ஏற்றியது. ஆகவே தனியார் அன்றும் இருந்தனர். மாறியது ஒப்பந்தத்தின் தன்மைதான்.

வீடு கட்டியவர்களுக்கு இது எளிதில் விளங்கும். செங்கல், சிமெண்டு எல்லாம் நாமே வாங்கிப் போட்டுக் கொத்தனாருக்கு நாட்கூலி கொடுப்பது ஒரு முறை. வேலை இழுத்தால் நம் பணம் போகும். ஆனால் பாதியில், “இந்தச் சுவரை இடித்துவிட்டு ஜன்னல் வை” என்று சொல்லும் உரிமை நம்மிடம் இருக்கும். மொத்தமாக ஒரு தொகை பேசி விட்டுவிடுவது மற்றொரு முறை. அதில் விலை ஏறினாலும் வேலை கெட்டாலும் நட்டம் மேஸ்திரியுடையது.

அப்பல்லோ காலத்தில் பெரும்பாலும் முதல் முறையே நடந்தது. ஆன செலவை அரசு கொடுத்து, அதன்மேல் ஓர் இலாபமும் கொடுத்தது. இதைக் குறை சொல்ல முடியாது. சந்திரனில் இறங்கும் கலத்தை உலகில் எவருமே செய்து பார்த்திராதபோது, யார் துணிந்து விலை சொல்லுவார்? 1970-இல் அப்பல்லோ 13-இன் தாய்க்கலம் வழியில் பழுதாகி, கிரம்மன் செய்த இறங்குகலமே மூவரின் உயிரையும் காக்கும் தோணியாயிற்று. அவர்கள் திரும்பி வந்தபின் கிரம்மன் ஊழியர்கள், ‘பழுதான வண்டியை இழுத்து வந்த கூலி’ என்று மூன்று இலட்சம் டாலருக்கு மேல் ஒரு பில் எழுதி நார்த் அமெரிக்கனுக்கு அனுப்பினார்களாம்! “இதற்கு முன் உங்கள் கலங்களைச் சந்திரன்வரை நாங்கள் கொண்டுபோய்விட்ட கூலி எங்கே?” என்பது அவர்கள் தந்த பதில்.

ஆனால் இம்முறையில் தாமதித்தவனுக்கும் கூலி உண்டு. 2016 முடிவுக்குள் ஆயத்தமாக வேண்டும் என்று கருதப்பட்ட நாசாவின் எஸ்.எல்.எஸ். ராக்கெட் முதன்முதலில் பறந்தது 2022 நவம்பரில்.

இரண்டாம் முறையை நாசா பெரிய அளவில் கைக்கொண்டது 2006-க்குப் பிறகு. விண்வெளி நிலையத்துக்குச் சரக்கு ஏற்றிச் செல்ல ஸ்பேஸ் எக்ஸ் முதலிய நிறுவனங்களுக்கு ஒரு நிலையான தொகை பேசப்பட்டது. கலம் நிறுவனத்தின் சொத்து. நாசா பயணத்தை மட்டும் விலைக்கு வாங்கும். 2014-இல் மனிதரை ஏற்றிச் செல்லவும் இதே முறை வந்தது. போயிங்குக்கு 420 கோடி டாலர் வரை, ஸ்பேஸ் எக்ஸுக்கு 260 கோடி டாலர் வரை. குறைந்த தொகை பெற்ற ஸ்பேஸ் எக்ஸ் 2020 மே மாதத்தில் இரு வீரர்களை ஏற்றிச் சென்றது. போயிங்கின் ஸ்டார்லைனரோ 2019 டிசம்பரில் ஆளில்லாமல் பறந்தபோது, கடிகாரம் பதினொரு மணி நேரம் பிசகி, நிலையத்தை அடையாமலே திரும்பிற்று. மறு சோதனைக்கென்று போயிங் 41 கோடி டாலரைத் தன் கணக்கில் நட்டமாக எழுதிற்று. பழைய முறையாயின் அது மக்களின் வரிப்பணமாக இருந்திருக்கும்.

நட்டம் தன்னுடையது என்றால், “எல்லாம் சரியாக இருக்கிறது” என்று சொல்லிவிடும் ஆசை நிறுவனத்துக்கு வராதா? என் நெஞ்சை உறுத்தும் கேள்வி இதுதான். 2024 ஜூனில் புட்ச் வில்மோரும் சுனிதா வில்லியம்சும் ஸ்டார்லைனரில் ஏறி, ஏறக்குறைய எட்டு நாள் பயணமாகப் போனார்கள். ஹீலியம் கசிந்தது, உந்துகருவிகள் சில செயலிழந்தன. கலம் பத்திரமாகத் திரும்பும் என்றே போயிங் வாதாடியது. நாசா இணங்கவில்லை. செப்டம்பரில் கலம் ஆளில்லாமல் திரும்பி, நல்லபடியாகவே தரையிறங்கியது. அவர்கள் அதிலேயே வந்திருக்கலாமே என்று இப்போது சொல்வது எளிது. அவ்விருவரும் 2025 மார்ச்சில் ஸ்பேஸ் எக்ஸ் கலத்தில் வந்து சேர்ந்தனர்.

அப்படியானால் அரசு எச்சரிக்கையானது, தனியார் ஆசை பிடித்தவர் என்று முடிவு கட்டலாமா? 1986 ஜனவரி 27 இரவு இதற்கு நேர்மாறாக நடந்தது. சேலஞ்சர் விண்ணோடத்தின் பக்க ராக்கெட்டுகளைச் செய்த தனியார் நிறுவனம் மார்ட்டன் தியோகோல். கடுங்குளிரில் இணைப்புகளிலுள்ள ரப்பர் வளையங்கள் விறைத்துவிடும், ஆகவே ஏவ வேண்டாம் என்று அதன் பொறியாளர்கள் தடுத்தார்கள். நாசா அதிகாரிகள் அதை ஏற்காமல் எதிர்வாதம் செய்தார்கள். முடிவில் நிறுவனத்தின் மேலாளர்கள் தம் பொறியாளர்களையே கைவிட்டு இசைவு கொடுத்தனர். மறுநாள், ஏவிய 73 விநாடியில் ஏழு பேர் மாண்டனர். ‘வேண்டாம்’ என்றவன் தனியாரின் ஊழியன், கேளாதது அரசு.

வேறொன்றும் உண்டு. 1977-இல் புறப்பட்ட வாயேஜர் கலங்களை எந்த முதலாளியும் அனுப்பியிருக்க மாட்டார். நெப்டியூனுக்கு டிக்கெட் வாங்க ஆள் ஏது?

நம் நாட்டிலும் 2020-இல் விண்வெளித் துறை தனியாருக்குத் திறந்துவிடப்பட்டு, அவர்களுக்கு அனுமதி வழங்க இன்-ஸ்பேஸ் என்னும் அரசு அமைப்பு ஏற்படுத்தப்பட்டது. சென்னை ஐ.ஐ.டி.யில் முளைத்த அக்னிகுல் நிறுவனம் ஸ்ரீஹரிகோட்டாவில், இஸ்ரோவின் வளாகத்துக்குள்ளேயே தனக்கென ஓர் ஏவுதளம் அமைத்துக்கொண்டது. அதன் முதல் ராக்கெட் 2024 மே 30 அன்று மேலெழும்பியது. அதற்கு முன், பழுது தெரிந்த ஒவ்வொரு முறையும் ஏவுதலை நிறுத்தி, பலமுறை ஒத்திவைத்திருந்தார்கள்.