மாமாவின் ஆட்டத்தை யார் அழிப்பது?

சென்ற கோடை விடுமுறையில், வில்லியனூரை அடுத்த சிற்றூர் ஒன்றில், உறவினர் இல்லத்தில் நாம் நான்கு நாள் தங்க நேர்ந்தது. சென்று இறங்கிய அன்று மாலையே நம் முன் ஒரு வழக்கு வந்து நின்றது. வாதி, ஆறாம் வகுப்பை முடித்திருந்த அவ்வீட்டுச் சிறுமி. பிரதிவாதி, அவளுடைய ஆயா. வழக்குக்குரிய பொருள், பழைய பிஸ்கட் டின் ஒன்றில் துணி சுற்றி வைக்கப்பட்டிருந்த, உள்ளங்கையில் அடங்கும் ஒரு விளையாட்டுக் கருவி.

"நீங்களே கேளுங்கள். என் மகன் விளையாடியதை இவள் அழிக்க வேண்டுமாம். அவன் அந்நிய தேசத்தில் இருக்கிறான். அவன் பெயர் இதற்குள் இருக்கிறது" என்றார் ஆயா.

"மாமாவின் ஆட்டம் இருக்கும்வரை என் ஆட்டத்தை இதில் வைக்க இடமில்லை. நான் என்ன செய்யட்டும்?" என்றாள் சிறுமி.

இரண்டு தரப்பும் உண்மையையே சொல்லின. அதுதான் சங்கடம்.

புதுவை மண்ணுக்கும் பிரான்சுக்கும் உள்ள உறவை நம் வாசகர்களுக்கு நாம் எடுத்துரைக்க வேண்டியதில்லை. 1962-இல் புதுவை சட்டப்படி இந்தியாவுடன் இணைந்தபோது பிரெஞ்சுக் குடியுரிமையைத் தேர்ந்துகொண்டவர்கள் உண்டு; அவர்களுடைய மக்களும் பேரரும் விடுமுறைக்கு ஊர் திரும்புகையில் சாக்லேட்டும் வாசனைத் தைலமும் பிள்ளைகளுக்குப் பொம்மைகளும் கொண்டுவருவர். அவ்வாறு 2001-ஆம் ஆண்டு மே மாதம் பாரிசிலிருந்து இவ்வீட்டுக்கு வந்ததுதான் இந்தக் கருவி. கொண்டுவந்தவர் சிறுமியுடைய மாமாவின் பெரியப்பா. அப்போது மாமாவுக்கு வயது பத்து.

கருவியின் பெயர் கேம் பாய் கலர். ஜப்பானின் நிண்டெண்டோ நிறுவனம் 1989-இல் வெளியிட்ட கேம் பாய்க்கு 1998-இல் பிறந்த வண்ணத் தம்பி அது. அதன் முதுகில் செருகும் சிறு பெட்டியை நம் ஊர்ப் பிள்ளைகள் கேசட் என்றே சொல்லுவர். இந்தக் கேசட்டில் இருந்த ஆட்டம் போக்கிமான், அதில் சிவப்பு வகை. ஜப்பானில் 1996-இலும் ஐரோப்பாவில் 1999-இலும் வெளிவந்தது. இதை எண்ணிப் படைத்தவர் சடோஷி தஜிரி என்பவர். டோக்கியோவின் புறநகரில் சிறுவனாக இருந்தபோது வண்டு பிடித்துத் திரிந்த நினைவிலிருந்து இந்த ஆட்டத்தை உருவாக்கினார். பொன்வண்டைப் பிடித்துத் தீப்பெட்டியில் அடைத்து, கருவேல இலை போட்டு வளர்த்த பாகூர் வட்டாரத்துப் பெரியவர்களுக்கு அதற்குமேல் விளக்கம் தேவைப்படாது. ஊர் ஊராக நடந்து விநோதப் பிராணிகளைப் பிடித்து, பழக்கி, போட்டியிடச் செய்வதே ஆட்டம். பிராணிகள் மொத்தம் 151.

ஒரே நாளில் முடியும் ஆட்டமன்று இது, வாரக்கணக்கில் நீள்வது. ஆகவே விட்ட இடத்தைக் கருவி நினைவில் வைத்திருக்க வேண்டும். இந்த நினைவு எவ்வாறு வந்தது என்பது சுவையான கதை. திருவிழாக் கடைகளில் வாங்கித் தருவோமே, கட்டைகள் கீழிறங்கும் சிறு கருவி, அதை அணைத்தால் அதோடு எல்லாம் போயிற்று. தொடக்க காலத்து நீண்ட ஆட்டங்களுக்கும் ஏறத்தாழ அதுவே கதி. ஜப்பானில் 1987-இல் வந்த டிராகன் குவெஸ்ட் இரண்டாம் பாகத்தில், விட்ட இடத்துக்குத் திரும்ப ஒரு நீண்ட மந்திரச் சொல்லைக் கருவியே தரும். அது 52 எழுத்துகள் வரை நீளும். பிள்ளைகள் அதைத் தாளில் எழுதிவைத்து, மறுநாள் ஒவ்வோர் எழுத்தாக உள்ளிடவேண்டும். ஓர் எழுத்து பிசகினால் மந்திரம் பலிக்காது. எத்தனை பிள்ளைகள் தங்கள் கையெழுத்தைத் தாங்களே நொந்துகொண்டார்களோ! அதே ஆண்டு அமெரிக்காவில் வெளிவந்த செல்டா என்னும் ஆட்டத்தின் கேசட்டுக்குள் ஒரு சிறு பேட்டரியை வைத்தார்கள். தொலைக்காட்சிப் பெட்டியோடு இணைக்கும் கருவியை அணைத்தாலும், அந்தப் பேட்டரி உள்ளிருக்கும் நினைவுச் சில்லுக்குத் துளித் துளியாக மின்சாரம் ஊட்டிக்கொண்டிருக்கும். மாமாவின் கேசட்டும் அவ்வாறே உயிர் வாழ்ந்துகொண்டிருந்தது.

சிறுமி அதை நமக்குப் போட்டுக் காட்டினாள். எழுத்தெல்லாம் பிரெஞ்சு. பள்ளியில் பிரெஞ்சு கற்கிறவளாதலால் அவளுக்குச் சிரமமில்லை. 'கோந்தினுவே', அதாவது தொடர்க என்பதை அமுக்கியவுடன் ஒரு சிறு கட்டம் தோன்றிற்று. அதில் மாமாவின் பெயர்; ஏழெழுத்துக்கு மேல் அதில் இடமில்லையாதலால் கடைசி எழுத்து துண்டிக்கப்பட்டிருந்தது. வென்ற பதக்கங்கள் 8. பிடித்த பிராணிகள் 118. விளையாடிய நேரம் 94 மணி. ஆயாவுக்குப் பிரெஞ்சு தெரியாது. ஆயினும் அந்தப் பெயரின் வடிவத்தை அவர் கண் அறிந்திருந்தது. மகன் 2012-இல் பிரான்சு சென்றபின், எப்போதாவது இரண்டு பேட்டரி வாங்கிப் போடச்சொல்லி அந்தக் கட்டத்தை மட்டும் பார்த்துவிட்டு அணைத்துவிடுவாராம்.

அந்த ஆட்டத்தில் ஒருவருக்கு மட்டுமே இடம். ஒரு கேசட், ஒரு பதிவு. புதிய ஆட்டத்தைத் தொடங்கத் தடையில்லை; 'நூவேல் பார்த்தி' என்று முதலிலேயே கேட்கிறது. ஆனால் அதைப் பதிந்துகொள்ள முயலும்போதுதான், பழைய பதிவு அழிந்துபோகும், சம்மதமா என்று வினவும். சிறுமி செய்திருந்தது என்ன தெரியுமா? ஒன்பது நாட்களாக நாள்தோறும் புதிய ஆட்டத்தைத் தொடங்கி, விளக்கு வைக்கும்வரை விளையாடி, பதியாமலே அணைத்திருக்கிறாள். மறுநாள் மீண்டும் அதே முதல் ஊர், அதே முதல் வீடு, அதே தாயிடம் விடைபெறுதல். ஆயாவுக்குத் தெரியாமல் ஒரு விரலசைவில் அவள் அழித்திருக்கலாம். அழிக்கவில்லை. ஒன்பதாம் நாள்தான் வாய் திறந்து கேட்டாள்.

இவ்விடத்தில் ஒன்றைச் சொல்லிவிட நாம் விரும்புகிறோம். தேர்வில் மதிப்பெண் குறைந்தது, சொல் கேட்கவில்லை என்று, பிள்ளையின் பதிந்த ஆட்டத்தைத் தண்டனையாக அழித்துவிடும் பெற்றோரை நாம் அறிவோம். கருவியைப் பூட்டி வையுங்கள், அது உங்கள் உரிமை. அழிப்பது வேறு. பிள்ளை தன் கையால் கட்டிய மணல்வீட்டை மிதிப்பதற்கும் அதற்கும் வேற்றுமை காண நம்மால் இயலவில்லை.

வழக்குக்கு வருவோம். ஆயாவின் பக்கம் சாய நம் மனம் விழைந்தது. ஆனால் கேசட்டைக் கையில் வாங்கிப் பார்த்தபோது வேறொரு செய்தி குறுக்கிட்டது. உள்ளிருக்கும் பேட்டரி காசளவே உள்ளது. பதினைந்து, இருபது ஆண்டுகளில் பெரும்பாலும் தீர்ந்துவிடும். சில அதற்கு மேலும் நின்று பிடிக்கும். இது இருபது ஆண்டுகளைத் தாண்டிவிட்டது. என்றைக்கு வேண்டுமானாலும், ஒருவரும் தொடாமலே, மாமாவின் பெயர் மறைந்துபோகலாம். பாகூர் மண்ணிலேயே இதற்கு மாறான ஒன்று உண்டு: ஒன்பதாம் நூற்றாண்டில் நிருபதுங்கவர்மன் என்னும் பல்லவ மன்னன் காலத்தில், அவ்வூர்க் கல்விச்சாலைக்கு மூன்று கிராமங்கள் அளிக்கப்பட்டதைக் கூறும் செப்பேடுகள். ஆயிரம் ஆண்டு கடந்தும் அவற்றை வாசிக்க முடிகிறது. ஆயாவின் பிஸ்கட் டின்னில் இருந்தது செப்பேடன்று.

பேட்டரியை மாற்றலாமே என்பீர்கள். அது ஈயம் வைத்து ஒட்டப்பட்டது. பழையதை எடுத்துப் புதியதை வைக்கும் அந்த இடைவெளியில் மின்சாரம் அற்று, நினைவும் அற்றுப்போகும். புதிய பேட்டரி இல்லாவிடில் சிறுமி தொடங்கும் ஆட்டமும் நிலைக்காது. ஆக, எவ்வழி நோக்கினும் மாமாவின் ஆட்டம் முடிந்தாயிற்று. யார் கையால் என்பதொன்றே மிச்சம். இதை ஆயாவிடம் எடுத்துச் சொல்வது எளிதாக இல்லை. அவர் நெடுநேரம் பேசாமல் இருந்தார். பிறகு, "அவனையே கேட்டுவிடுங்கள்" என்றார்.

இரவு உணவுக்குப்பின் பாரிசுக்குத் தொலைபேசியில் அழைத்தோம். முதலில் மாமா சிரித்தார். இன்னுமா அது வேலை செய்கிறது என்று வியந்தார். சிறுமி தன் வழக்கைச் சொன்னாள்.

"மாமா, உங்கள் பெயரையே நான் மறுபடியும் எழுதித் தொடங்கினால், பிராணிகள் உங்களுடையவையாக இருக்குமா?"

"இருக்காது கண்ணு. தொடங்கும்போது ஆட்டம் தானாகவே ஓர் ஐந்திலக்க எண் கொடுக்கும். பெயர் ஒன்றாக இருந்தாலும் எண் மாறிவிடும். எண் மாறினால் அதற்கு நீ வேற்று ஆள்."

பிறகு அவரே விளக்கினார். இரண்டு கருவிகளும் இணைப்புக் கம்பியும் இருந்தால், அழிக்கும் முன் பிரியமான பிராணிகளை நண்பனுடைய கேசட்டுக்கு அனுப்பி, புதிய ஆட்டம் தொடங்கியபின் திரும்பப் பெறலாம். வசதியுள்ள பிள்ளைகள் அவ்வாறு செய்வதுண்டு. ஆனால் வளர்ந்த பிராணி புதிய ஆளிடம் வந்தால், அவனிடம் போதிய பதக்கங்கள் இல்லாதவரை அவன் பேச்சைக் கேளாது. களத்தில் தூங்கும், தன் இஷ்டப்படி நடக்கும். அதை வளர்த்தவன் அவனேதான் என்பது அதற்குத் தெரியாது. அவருடைய ஊரில் இரண்டாவது கருவி ஒருவரிடமும் இருந்ததில்லை. பட்டியல் 118-இல் நின்றதற்கும் அதுவே காரணம். தனியாளாக விளையாடி 151-ஐயும் சேர்க்க இயலாதபடியே அந்த ஆட்டம் படைக்கப்பட்டிருக்கிறது.

இதுவரை வேடிக்கையாகப் பேசிக்கொண்டிருந்தவர் சற்று நிறுத்தினார். "அம்மா இருக்கிறார்களா?" என்று கேட்டார். ஆயா அருகில் வந்து அமர்ந்தார்.

"அம்மா, அதில் முதலில் இருந்தது என் பெயரன்று" என்றார் அவர்.

கருவி புதியதாக வந்ததன்று. பெரியப்பா மகன் விளையாடியது. அண்ணன் புதிய கேசட்டுக்கு மாறிவிட்டதால், பழையது தம்பிக்கு வந்தது, அவனுடைய பதிவோடு. பத்து வயதுச் சிறுவன் இரண்டு வாரம் அண்ணனின் ஆட்டத்தையே ஆடியிருக்கிறான். எல்லாப் பதக்கமும் வென்றாயிற்று, எல்லாப் பிராணியும் பலசாலி, எதிர்ப்பட்டவரெல்லாம் ஒரே அடியில் வீழ்ந்தனர். மூன்றாம் வாரம் சலித்துவிட்டது. தன் ஆட்டத்தைத் தொடங்கிப் பதிந்தான். திரையில் கேட்ட கேள்வியைப் படிக்கக்கூட இல்லை.

2003-இல் அண்ணன் ஊருக்கு வந்தான். பெட்டியை இறக்கிவைத்ததும் முதலில் கேட்டது அந்தக் கருவியைத்தான். இயக்கிப் பார்த்தான். ஒன்றும் சொல்லவில்லை, அணைத்துத் திரும்பக் கொடுத்துவிட்டான். "அன்று இரவு அண்ணன் சாப்பிடவில்லை. பயணக் களைப்பு என்று நீங்கள் மோர் கொடுத்தீர்கள். எனக்கு மட்டும் தெரியும்" என்றார் மாமா. அதைப்பற்றி இருவரும் இதுவரை பேசிக்கொண்டதில்லையாம். பாரிசில் இருவர் வீட்டுக்கும் இடையே ரயிலில் அரைமணிப் பயணம்தான்.

ஆயா புடவைத் தலைப்பால் கருவியின் திரையைத் துடைத்தார். வேறொன்றும் பேசவில்லை.

"பாப்பா என்னைக் கேட்டாள். நான் அண்ணனைக் கேட்கவில்லை" என்று சொன்ன மாமா, ஒரு நிபந்தனை விதித்தார். ரிப்பேர்க் கடையில் ஈயம் உருகும்போது அது போகவேண்டாம். சிறுமியே தன் கையால் அழிக்கட்டும். அதற்கு முன் திரையில் உள்ளவற்றையெல்லாம் படமெடுத்துத் தமக்கு அனுப்பவேண்டும்.

மறுநாள் காலை சிறுமியின் தாய் கைப்பேசியில் இருபத்தேழு படங்கள் எடுத்தார். சிறுமி அதோடு நில்லாமல், மாமாவோடு இறுதிவரை நடந்த ஆறு பிராணிகளின் பெயரையும், அவை எட்டியிருந்த நிலையையும் பள்ளி நோட்டின் கடைசிப் பக்கத்தில் எழுதிக்கொண்டாள். அழிப்பதற்கென்று அந்த ஆட்டத்தில் தனி வழி உண்டு. முகப்புத் திரையில் மேல்நோக்கும் விசை, செலக்ட், பி ஆகிய மூன்றையும் ஒருங்கே அமுக்கவேண்டும். கைதவறி நேர்ந்துவிடக் கூடாது என்பதற்காகவே இந்தத் தொல்லை. எல்லாவற்றையும் அழிக்கவா என்று கேட்டு, அம்புக்குறி 'இல்லை' என்பதன் மேலேயே நிற்கும். அதை நாமே கீழிறக்கவேண்டும். இந்நாளில் கைப்பேசியில் பிள்ளைகள் ஆடும் பல ஆட்டங்களில் பதிவு எங்கோ தொலைவில் நிறுவனத்தாரின் கணினியில் இருக்கிறது. அழிப்பதும் அவர்கள் வழியாகவே. 2017-இல் வந்த ஸ்விட்ச் கருவியிலோ வீட்டில் ஆளுக்கொரு கணக்கு வைத்துக்கொள்ளலாம். ஒருவர் ஆட்டம் மற்றவருக்கு இடைஞ்சலில்லை. வசதிதான். ஆனால் அண்ணனும் தம்பியும் ஒரே இடத்துக்காக ஒருவரையொருவர் கேட்டாகவேண்டிய அவசியம் அதில் இல்லாமற்போயிற்று.

சிறுமி அம்புக்குறியை இறக்கிவிட்டு ஆயாவை ஏறிட்டு நோக்கினாள்.

"அமுக்கு" என்றார் ஆயா.

வில்லியனூர்க் கடைத்தெருவில் ஒரு டி.வி. ரிப்பேர்க் கடையில் புதிய பேட்டரி வைத்துத் தந்தார்கள். அடுத்த நாள் காலை, நாம் ஊர் திரும்பப் பையைக் கட்டிக்கொண்டிருந்தபோது, சிறுமி திண்ணையில் அமர்ந்து தன் பெயரை எழுதிக்கொண்டிருந்தாள். அவள் பெயருக்கு ஐந்தெழுத்தே, துண்டிக்க நேரவில்லை. முதல் பிராணியாக மூன்றில் ஒன்றைத் தேர்ந்துகொள்ள வேண்டும்: வாலில் நெருப்பு எரியும் சலமேஷ், ஆமை உருவான கரப்பியூஸ், முதுகில் செடி முளைத்த புல்பிசார். மாமா அந்நாளில் எடுத்தது சலமேஷ் என்று அவளுக்குத் தெரியும். அவள் புல்பிசாரை எடுத்தாள். எடுத்ததை உடனே மாமாவிடம் சொல்லவேண்டும் என்று துடித்தாள். மணி ஒன்பதுகூட ஆகவில்லை. பாரிசில் இன்னும் விடிந்திருக்காது என்று தாய் தடுத்தார். ஆயா கடிகாரத்தைப் பார்த்து விரல்விட்டு எண்ணி, "பதினொன்றரைக்குக் கூப்பிடலாம்" என்றார்.