வழக்கத்தின் மேல் ஒரு வழக்கு!

அஸ்ஸாம் என்றதும் உங்களுக்கு என்ன ஞாபகம் வரும்? டீத்தூள் பாக்கெட், காஜிரங்கா காண்டாமிருகம், வருஷம் தவறாமல் டி.வி.யில் காட்டுகிற பிரம்மபுத்திரா வெள்ளம். அருப்புக்கோட்டை என்றதும்? தறிச் சத்தம், மல்லிகைப்பூ, மண்டையைப் பிளக்கிற வெயில். அங்கே தண்ணி ஜாஸ்தியாகி அவஸ்தை. இங்கே திருச்சுழி குண்டாற்றில் தண்ணி ஓடினால் ஊரே கூடி வேடிக்கை பார்க்கும். இரண்டுக்கும் என்னய்யா சம்பந்தம் என்கிறீர்களா?

இரண்டு மண்ணிலும் எழுதப்பட்ட நாவல்களை அடுத்தடுத்துப் படிச்சுப் பாருங்க. ஒரே ஆசாமி இரண்டு பக்கமும் வில்லனாக வந்து நிற்பான். பெயர், 'வழக்கம்'. "எங்க தாத்தா காலத்திலேர்ந்து இப்படித்தான்" என்று ஒரே வரியில் வாயை அடைத்துவிட்டுப் போவானே... அவனேதான்!

முதலில் அஸ்ஸாமுக்கு ஒரு எட்டு போயிட்டு வந்துடலாம்.

இந்திரா கோஸ்வாமி. அஸ்ஸாம்காரர்களுக்கு 'மாமோனி பைதேவ்'. பைதேவ் என்றால் அக்கா. 1942-ல் குவாஹாட்டியில் பிறந்தவர், 2000-ம் ஆண்டுக்கான ஞானபீட விருது வாங்கியவர், 2011-ல் மறைந்தார். இவருடைய குடும்பம் தென் காமரூபப் பகுதியில் ஒரு 'சத்ரா'வை நிர்வகித்த குடும்பம். சத்ரா என்றால் நம்ம ஊர் மடம் மாதிரி. நிலபுலன், யானை, கும்பிட்டு நிற்கிற குடியானவர்கள் எல்லாம் உண்டு. சாதியைப் பெரிசாகப் பார்க்காமல் எல்லோரும் கூடிப் பாடலாம் என்று சொன்ன சங்கரதேவரின் வழியில் 15, 16-ம் நூற்றாண்டுகளில் கிளம்பியதுதான் இந்தச் சத்ரா மரபு. நாலு நூற்றாண்டு போனதும், அதன் உள்ளேயே யார் யாரைத் தொடலாம் என்று கணக்குப் பார்க்கிற நிலைமை!

அந்த வீட்டுப் பெண்ணே பேனா எடுத்தால் என்ன ஆகும்? 1988-ல் ஒரு நாவல் வந்தது. கொம்பன் யானையின் கரையான் அரித்த அம்பாரி என்று அர்த்தம் வருகிற தலைப்பு. தலைப்பிலேயே மொத்தக் கதையும் உட்கார்ந்திருக்கு பாருங்க. வெளியே பார்த்தால் கம்பீரமான அம்பாரி, உள்ளே கரையான்.

அதில் கிரிபாலா என்று ஒரு பெண். சின்ன வயசிலேயே புருஷனைப் பறிகொடுத்துவிட்டுப் பிறந்த வீட்டுக்குத் திரும்பி வருகிறாள். கைம்பெண் என்றால் மீன் கூடாது, கறி கூடாது, சிரிப்பு கூடாது. ஒரு நாள் பசியும் ஆசையும் தாங்காமல் அவள் கறிச்சோறு சாப்பிட்டுப் பிடிபடுகிறாள். அதுதான் அவள் செய்த முதல் 'குற்றம்'. அப்புறம், ஓலைச்சுவடி தேடி வந்த மார்க் என்கிற வெள்ளைக்காரன் மேல் மனசு போகிறது. விடுவார்களா? பிராயச்சித்தம்! குடிசைக்குள் அவளை உட்கார வைத்துத் தீ வைப்பார்கள், அவள் வெளியே வந்துவிட வேண்டும், தீட்டு போயிடும். சடங்கு அவ்வளவுதான். கிரிபாலா வெளியே வரவில்லை.

எழுதியவருக்கும் இது ஏட்டுக் கதை இல்லை. கல்யாணமாகி ஒன்றரை வருஷத்தில் விபத்தில் கணவரை இழந்தவர். பிருந்தாவனத்தில் தங்கி, அங்கே பஜனை பாடிப் பிழைக்கிற கைம்பெண்களைப் பார்த்து ஒரு நாவல் எழுதியவர். இன்னொரு பக்கம் ராமாயண ஆராய்ச்சி! மதத்தைத் தூக்கி எறிந்துவிட்டு வெளியே நின்று கல் வீசிய ஆள் கிடையாது. உள்ளே உட்கார்ந்துகொண்டே கேட்டார். என்னைக் கேட்டால், வெளியே நின்று வீசுகிற கல்லைவிட அதற்குத்தான் தைரியம் அதிகம் வேணும்.

காமாக்யா கோயிலில் நடக்கிற உயிர்ப்பலியை எதிர்த்தும் ஒரு நாவல் எழுதினார். ரத்தத்துக்குப் பதில் பூ போதாதா என்று கேட்கிற நாவல். ஏகப்பட்ட எதிர்ப்பு. சரி, இதை அப்படியே பெயர்த்துக் கொண்டுவந்து நம்ம கரிசக்காட்டில் நட்டுவிடலாமா?

அங்கேதான் இடிக்குது. ஞாபகம் இருக்கா? 2003 ஆகஸ்டில் தமிழ்நாட்டில் ஆடு, கோழி பலிக்குத் தடை என்று உத்தரவு வந்தது. 1950-ம் வருஷத்துச் சட்டத்தைத் தூசி தட்டி எடுத்தார்கள். கருப்பசாமிக்கும் அய்யனார் கோயில் காவல் தெய்வங்களுக்கும் கிடா வெட்டுகிற கிராமங்கள் கொதித்துப் போயின. "எங்க சாமி என்ன சாப்பிடணும்னு நீங்க யாரு சொல்றது?" என்ற கேள்வி கிளம்பியது. 2004-ல் அந்தச் சட்டத்தையே ரத்து செய்தார்கள். பெரிய கோயிலின் அதிகாரத்தைப் பார்த்து அஸ்ஸாமில் கேட்ட கேள்வி, இங்கே ஏழை ஜனத்தின் குலசாமி மேல் பாய்ந்தது. பலி ஒன்றுதான்; யார் கையில் கத்தி, யார் கையில் சட்டம் என்பதில் நியாயம் மாறிப்போகுது. அதனால்தான் சொல்கிறேன், கரிசல் கதைகளை அந்த மண்ணிலேயே வைத்துத்தான் படிக்கணும்.

வாங்க, நம்ம பக்கம் இறங்கலாம்.

அருப்புக்கோட்டையில் பஸ் ஏறித் திருச்சுழி தாண்டிப் போனால் கமுதி. 1897-ல் கமுதி மீனாட்சி சுந்தரேஸ்வரர் கோயிலுக்குள் நாடார்கள் சிலர் போய்ச் சாமி கும்பிட்டார்கள். அவ்வளவுதான் அவர்கள் செய்தது. கோயிலின் பரம்பரை தர்மகர்த்தாவான ராமநாதபுரம் ராஜா பாஸ்கர சேதுபதி கோர்ட்டுக்குப் போனார். இவங்களுக்கு உள்ளே வர உரிமை இல்லை, தீட்டுக் கழிக்கிற செலவையும் கொடுக்கணும் என்று வழக்கு. 1899-ல் மதுரை கோர்ட் தீர்ப்பு, நாடார்களுக்கு எதிராக. ஹைகோர்ட்டிலும் அதே கதை. லண்டன் பிரிவி கவுன்சில் வரை போனார்கள். 1908-ல் அங்கேயும் தோல்வி.

கோர்ட் என்ன பார்த்தது தெரியுமா? வழக்கத்தை! இதுவரை இவர்கள் உள்ளே போனதில்லை. அதனால் இனிமேலும் போகக்கூடாது. இதுவரை ஏன் போகவில்லை? விடவில்லை, அதனால் போகவில்லை. சுற்றிச் சுற்றிச் சுப்பன் கொல்லைதான்! வழக்கத்தைக் காப்பாற்ற ஒரு வழக்கு, அதற்குச் சாட்சியும் அதே வழக்கம்.

அதே 1899-ல்தான் சிவகாசிக் கலவரம். அதற்கு முன்னே 1895-ல் கழுகுமலையில் ரத்தம் சிந்தியாச்சு. கோயிலுக்கும் தேரோடும் தெருவுக்குமான சண்டைகள் இவை. அருப்புக்கோட்டையும் பக்கத்துப் பாளையம்பட்டியும் இந்தச் சூட்டுக்கு நடுவில் இருந்த ஊர்கள்தான். வியாபாரத்தால் வளர்ந்த 'ஆறு ஊர்' நாடார்களின் பட்டியலில் இரண்டுமே உண்டு. மதுரை மீனாட்சி கோயிலுக்குள் வைத்தியநாத ஐயர் ஐந்து தலித்துகளையும் ஒரு நாடாரையும் அழைத்துக்கொண்டு நுழைந்தது 1939 ஜூலையில். கமுதிக்கும் அதுக்கும் நடுவில் 42 வருஷம்!

ஹிஸ்டரி புத்தகத்தில் இது நாலு வரி. பூமணியிடம் போங்க, ஆயிரம் பக்கத்தைத் தாண்டும். 2012-ல் வந்த 'அஞ்ஞாடி...' கழுகுமலையையும் சிவகாசியையும் உள்ளே வைத்துக்கொண்ட நாவல். 2014-ல் சாகித்ய அகாடமி விருது வாங்கியது. தலைகாணி சைஸைப் பார்த்து மிரளாதீங்க. கலவரத்தை மட்டும் தேடிப் புரட்டினால் ஏமாந்து போவீங்க. உழுவது, விதைப்பது, பஞ்சத்தில் தவிப்பது, அண்டை வீட்டோடு உறவாடுவது என்று பக்கம் பக்கமாக வாழ்க்கைதான் ஓடுது. இவ்வளவு நாள் கூடிப் பழகின ஜனம் ஒரு நாள் வெட்டிக்கொள்கிறதே என்று நமக்கே வயிறு கலங்கணும் என்றால், முதலில் அவர்கள் கூடிப் பழகினதை அத்தனை பக்கம் படிச்சிருக்கணும் இல்லையா?

அதே விருதுநகர் மாவட்டத்தின் மேற்குக் கோடியிலிருந்து வந்தவர் பாமா. 1992-ல் வந்த 'கருக்கு' கைக்கு அடக்கமான புத்தகம். ஒரே உட்காரலில் முடிச்சிடலாம், ஆனா முடிச்சிட்டுத் தூங்க முடியாது. சின்னப் பெண்ணாக இருந்தபோது கண்ட ஒரு காட்சியை எழுதியிருப்பார். ஊர்ப் பெரியவர் ஒருவர் பலகாரப் பொட்டலத்தின் நூலை மட்டும் பிடித்துத் தூக்கிக்கொண்டு போகிறார், பொட்டலத்தில் கை படாமல். பார்த்த சின்னப் பெண்ணுக்குச் சிரிப்பு தாங்கலை. அந்தப் பெரியவர் தொட்டுவிட்டால் மேல்சாதிக்காரர் வாங்கிச் சாப்பிடமாட்டார் என்று அண்ணன் விளக்கிச் சொன்னதும் சிரிப்பு செத்துப் போகிறது. இவருடைய குடும்பம் கிறிஸ்தவக் குடும்பம். சாமி மாறிவிட்டதே, இதுவும் மாறியிருக்க வேண்டாமா? சேவை செய்ய ஆசைப்பட்டுக் கன்னியாஸ்திரீ மடத்தில் சேருகிறார். அங்கேயும் அதே நூல், அதே பொட்டலம். வெளியே வந்து எழுதினதுதான் 'கருக்கு'.

இனி அருப்புக்கோட்டைக்குப் பக்கத்து ஊர்க்காரர். மல்லாங்கிணறில் 1966-ல் பிறந்த எஸ்.ராமகிருஷ்ணன். ஊர் கரிசல் ஊர், வெயில் ஊர். இவருடைய 'நெடுங்குருதி'யில் வேம்பலை என்ற ஊரில் வெயிலே ஒரு கேரக்டர் மாதிரி தெருத்தெருவாக அலையும். திருடர் என்று முத்திரை குத்தப்பட்ட ஜனங்களின் கதை அது. பிறந்த சாதிக்காகவே கைரேகை வாங்கின குற்றப் பரம்பரைச் சட்டம் சென்னை மாகாணத்தில் 1947 வரைக்கும் இருந்ததை நினைத்துக்கொண்டு படிச்சால் நாவல் இன்னும் கனமாகும்.

ஆனால் நம்ம விஷயத்துக்குச் சரியாக வந்து உட்காருவது 'சஞ்சாரம்'. 2014-ல் வந்து, 2018-ல் சாகித்ய அகாடமி விருது வாங்கிய நாவல். கரிசல் பூமியின் நாதஸ்வரக்காரர்கள் பற்றியது. தஞ்சாவூர்ப் பக்கத்து வித்வான்களைப் பற்றிக் கேள்விப்பட்டிருப்போம். டி.என்.ராஜரத்தினம் பிள்ளை சுதந்திரத்தின்போது டெல்லியிலேயே வாசித்தவர். மிராசுதார்கள் முன்னே கலைஞனுக்கு மரியாதை வேணும் என்று முறைத்துக்கொண்டு நின்றவர். அந்தப் புகழெல்லாம் காவிரியோடு நின்றுவிட்டது. வானம் பார்த்த பூமியில் வாசிக்கிறவர் பேர் யாருக்குத் தெரியும்?

கதையில் பக்கிரி, ரத்தினம் என்று இரண்டு பேர். ஒரு கிராமத்துத் திருவிழாவுக்கு வாசிக்கப் போகிறார்கள். அங்கே சாதித் தகராறு. சண்டை ஊருக்குள்ளே, அடி விழுவது வாசிக்க வந்தவர்கள் மேல்! மரத்தில் கட்டி வைத்து அவமானப்படுத்துகிறார்கள். ஆத்திரம் தாங்காத பக்கிரி தீ வைத்துவிடுகிறான். அப்புறம் ஓட்டம்தான். ஊர் ஊராக ஒளிந்து ஓடுகிற வழியில் அந்த மண்ணின் கலைஞர்கள் கதை ஒவ்வொன்றாக வந்து ஒட்டிக்கொள்கிறது. மாலிக் கபூர் காலத்துக்குக்கூடப் போயிட்டு வருகிறது. சஞ்சாரம் என்றால் ராகத்தில் ஸ்வரங்கள் நடமாடுகிற பாதை. ஊர்சுற்றலுக்கும் அதே வார்த்தை. இரண்டு அர்த்தமும் பக்கிரி காலில் ஒன்றாகக் கட்டிக் கிடக்கு.

யோசிச்சுப் பாருங்க. சாமி புறப்பாடா? நாதஸ்வரம் முன்னால் போகணும். கல்யாணத்தில் தாலி கட்டுகிற நிமிஷமா? கெட்டிமேளம் வேணும். அந்தச் சத்தம் இல்லாமல் மங்களமே கிடையாது என்பதும் வழக்கம்தான். வாசிக்கிறவன் ஓரமாக உட்காரணும், கடைசிப் பந்தியில் சாப்பிடணும், பேசின காசை மூணு தடவை கேட்டு வாங்கணும் என்பதும் வழக்கம்தான். ஊதுகிற மூச்சு வேணும். மூச்சு விடுகிற ஆள் வேண்டாம். இதைப் பிரசங்கமாகச் சொன்னால் நாம் கொட்டாவி விடுவோம். நாவல் அதைச் செய்யலை. பக்கிரி எவ்வளவு திட்டினாலும் அவன் கை வாத்தியத்தை விடமாட்டேன் என்கிறது. அதில்தான் நம்மை மாட்ட வைக்கிறார் ராமகிருஷ்ணன்.

அஸ்ஸாம் கிரிபாலா தீக்குள்ளே உட்கார்ந்துவிட்டாள். கரிசக்காட்டுப் பக்கிரி தீயை எடுத்து வெளியே வீசிவிட்டான். அவள் செய்ததைப் படித்தால் அழுகை வருது. இவன் செய்ததைப் படித்தால் பயமும் வருது, ஏனென்றால் தீ ஆள் பார்த்துப் பிடிக்காது. பக்கிரி செய்தது சரி என்று நாவலும் சர்டிபிகேட் கொடுக்கலை. "நீ அந்த மரத்தில் கட்டப்பட்டிருந்தா என்ன செஞ்சிருப்பே?" என்று மட்டும் நம்ம பக்கம் திரும்புது.

நடுவில் ஒரு சின்ன விஷயம். திருச்சுழி என்றாலே ரமண மகரிஷி பிறந்த ஊர், 1879 டிசம்பர் 30. சுந்தரர் தேவாரம் பாடிய பூமிநாதர் கோயில். பக்தியில் அந்த மண்ணுக்கு ஒரு குறையும் இல்லை. அதே மண்ணைச் சுற்றித்தான் கமுதியும் மல்லாங்கிணறும் இருக்கு. 'நான் யார்' என்று ரமணர் கேட்கச் சொன்னதை நாமும் கேட்டுக்கொள்ளலாம். கோயில் வாசலில் நின்றவனிடம் ஊர் கேட்ட கேள்வி, "நீ யார் ஆளு?" என்பது.

எதிலிருந்து ஆரம்பிக்கலாம் என்கிறவர்களுக்கு: செமஸ்டர் நடுவில் என்றால் 'கருக்கு', ஒரே ராத்திரி. லீவு விட்டதும் 'சஞ்சாரம்'. 'அஞ்ஞாடி...'க்கு முழு மே மாசம் ஒதுக்குங்க, அந்த வெயிலுக்கு அதுதான் பொருத்தம். நடுவில் ஊருக்குப் போனால், வீட்டில் கிடக்கிற பங்குனிப் பொங்கல் நோட்டீஸ் ஒன்றை எடுத்துப் பாருங்க. முதல் மரியாதைக்காரர், மண்டகப்படிதாரர், நன்கொடையாளர் என்று பெரிய எழுத்தில் எத்தனை பேர் இருக்காங்க, நாதஸ்வரக்காரர் பேர் எங்கே, எந்த சைஸில் இருக்கு என்று தேடுங்க. சில நோட்டீஸில் 'மேளதாளத்துடன்' என்று மட்டும் இருக்கும்.