கப்பல் கிளம்புமுன் காப்பார் வரை

ஊரிலிருந்து வரும் சொந்தக்காரர்கள் முன்பெல்லாம் விமானத்தில்தான் வருவார்கள். இப்போது சொகுசுக் கப்பலிலும் வருகிறார்கள். சிங்கப்பூரில் ஏறி, கிள்ளான், பினாங்கு என்று ஒரு சுற்று சுற்றிவிட்டு மறுபடி சிங்கப்பூரிலேயே இறங்கிவிடலாம். வருவதற்கு ஒரு வாரம் முன்பு நம் புலனத்தில் செய்தி வந்து விழும்: “ஒரு நாள் உங்க ஊர்ல கப்பல் நிக்குது. என்ன பாக்கலாம்?”

எனக்கு அப்படி ஒரு செய்தி அனுப்பியவர் சென்னையில் கணினித் துறையில் இருக்கும் என் அத்தை மகன். கப்பல் நிறுவனம் விற்கும் கரைச்சுற்றுலாப் பட்டியலையும் கூடவே அனுப்பியிருந்தார். இரட்டைக் கோபுரம், பறவைப் பூங்கா, பத்துமலை, நடுவில் ஒரு பேரங்காடி. “மச்சான், இதுல எது நல்லது?” என்று கேட்டிருந்தார்.

“அத்தை என்ன கேக்குறாங்க?” என்று கேட்டேன்.

பதில் வர அரை நாள் ஆயிற்று. “காப்பார்னு ஒரு ஊராம். அப்புறம் அந்தப் பழைய கப்பல்துறை. லிஸ்டுல ரெண்டுமே இல்ல.”

இருக்காதுதான். கப்பலிலிருந்து இறங்கும் பேருந்துகள் கிள்ளானில் நிற்பதே இல்லை. நான் கிள்ளான்காரன், அதனால் இந்த மனக்குறை எனக்குக் கொஞ்சம் அதிகம். அலுவலகத்தில் விடுப்பு போட்டேன், நண்பரிடம் ஏழு பேர் உட்காரும் வண்டியை இரவல் வாங்கினேன்.

புறப்படுமுன் ஒரு விஷயம் சொல்லிவிட வேண்டும், ஏனென்றால் பலர் இதில்தான் ஏமாறுகிறார்கள். கப்பல் வந்து நிற்பது போர்ட் கிள்ளான் பட்டணத்தில் இல்லை, பூலாவ் இண்டா தீவில். இறங்கியதும் கொம்யூட்டர் ரயில் பிடித்துக் கோலாலம்பூர் போய்விடலாம் என்று வரைபடத்தைப் பார்த்துத் திட்டம் போடாதீர்கள். ரயில் நிலையத்துக்குப் போகவே வண்டி வேண்டும். இன்னொன்றும் உண்டு. கப்பல்காரர்களின் சுற்றுலாவில் போனவர்கள் தாமதமானால் கப்பல் காத்திருக்கும். சொந்தமாகப் போனவர்களுக்குக் காத்திருக்காது. எங்களுக்குச் சொன்ன கெடு மாலை ஐந்தரை.

காலை ஒன்பது மணிக்கு அத்தை வெளியே வந்தார். எழுபத்தைந்து வயது. அவருடைய கடப்பிதழைப் பார்த்த குடிநுழைவு அதிகாரி, பிறந்த இடம் என்று கிள்ளான் இருப்பதைக் கண்டு, “பாலிக் கம்போங் கா, மக்சிக்?” என்று கேட்டாராம். அத்தை நிமிர்ந்து மலாயிலேயே பதில் சொல்லியிருக்கிறார். அம்மாவுக்கு மலாய் தெரியும் என்பது மகனுக்கே அன்றைக்குத்தான் தெரியுமாம்.

கூட்டரசு நெடுஞ்சாலையில் நெரிசல் வழக்கம்போல. ஷா ஆலாமைத் தாண்டும்போது, “இது என்ன ஊரு?” என்று கேட்டார். சிலாங்கூரின் தலைநகர் என்றேன். “கோலாலம்பூர் இல்லியா?” அவர் கேட்டது நியாயம். அவர் இங்கிருந்து போனது 1970-இல். அப்போது சிலாங்கூரின் தலைநகர் கோலாலம்பூர்தான். 1974 பிப்ரவரி 1-ஆம் தேதிதான் அது கூட்டரசுப் பிரதேசமானது. எல்லையில் சாலைக்குக் குறுக்கே நிற்கும் பெரிய வளைவைக் காட்டி விளக்கினேன். பின்னிருக்கையில் ஒன்பது வயதுப் பேத்தி, கப்பலில் உள்ள நீர்ச்சறுக்கைப் பற்றித் தன் அம்மாவிடம் சொல்லிக்கொண்டே வந்தாள்.

பிரிக்பீல்ட்சில் பசியாறினோம். நேரம் இருந்தால் வாழையிலைச் சாப்பாட்டையே அங்கு வைத்துக்கொள்ளலாம், ஆனால் கப்பல்காரர்களுக்கு மதியம் வரை காத்திருக்க முடியாது. இட்லி, தோசை, ஆளுக்கொரு தே தாரிக். மதியத்துக்கும் பொட்டலம் கட்டி வாங்கிக்கொண்டோம்.

ஊரின் பெயரிலேயே செங்கல் இருக்கிறது. 1881-இல் தீயும் வெள்ளமும் அடுத்தடுத்துக் கோலாலம்பூரின் மரவீடுகளையும் அத்தாப்புக் கூரைகளையும் அழித்த பிறகு, இனிச் செங்கல்லில்தான் கட்ட வேண்டும் என்றார்கள். அதற்குக் களிமண் வெட்டிய இடம் இது. பிறகு ரயில்வே வந்தது, ரயில்வேயோடு யாழ்ப்பாணத்துக் கிராணிகளும் தமிழ்நாட்டுத் தொழிலாளர்களும் வந்தார்கள். அந்த ரயில் கொட்டகைகள் இருந்த நிலத்தில்தான் 2001-இல் கேஎல் சென்ட்ரல் எழுந்தது. 2010-இல் ‘லிட்டில் இந்தியா’ என்று வளைவும் வண்ணமும் பூசினார்கள். அந்த வண்ணம் என் கண்ணுக்கு இன்னும் பழகவில்லை, ஆனால் வருகிறவர்கள் அதன் முன்னால் நின்றுதான் படம் எடுக்கிறார்கள். அத்தை நின்றது பூக்கடை முன்னால். மல்லிகை வாங்கிப் பேத்திக்கும் மருமகளுக்கும் வைத்துவிட்டார்.

மெர்டேக்கா சதுக்கத்தில் வண்டியை மெதுவாக்கினேன். 1897-இல் கட்டி முடித்த சுல்தான் அப்துல் சமாட் கட்டடத்தை அத்தை உடனே அடையாளம் கண்டுகொண்டார். “இது அப்படியே இருக்கு.” எதிரே உள்ள திடலில்தான் 1957 ஆகஸ்ட் 30 நள்ளிரவில் யூனியன் ஜேக் கொடி இறங்கியது.

அந்த இரவுதான் எங்கள் குடும்பத்தை இரண்டாக்கியது. அத்தை பிறந்தது 1950-இல், என் அப்பா பிறந்தது 1958-இல். காப்பார் தோட்டமொன்றில் ஒரே லயத்தில் பிறந்தவர்கள். மெர்டேக்கா நாளிலும் அதன் பிறகும் இங்கே பிறந்த குழந்தை, அன்றைய சட்டப்படி பிறப்பிலேயே குடிமகன். முன்பு பிறந்தவர்கள் விண்ணப்பம் போட வேண்டும். தாத்தா போடவில்லை. தோட்டத்தில் யாரும் எடுத்துச் சொல்லவும் இல்லை, சொன்னவர்களை அவர் நம்பவும் இல்லை. ஆக வீட்டில் மூன்று சிவப்பு ஐசி, அப்பாவுக்கு மட்டும் நீலம் வரும். 1968-இல் வேலைக் கட்டுப்பாட்டுச் சட்டம் வந்தது. சிவப்பு ஐசிக்காரர்கள் பெர்மிட் இல்லாமல் வேலை செய்ய முடியாது என்றானது. அந்த ஆண்டுகளில் சுமார் 60,000 இந்தியர்கள் நாடு திரும்பினார்கள். அவர்களில் தாத்தாவும் பாட்டியும் பால் வெட்டிக்கொண்டிருந்த அத்தையும் உண்டு. பிள்ளையாவது இங்கே படிக்கட்டும் என்று, குழந்தை இல்லாத தாய்மாமனிடம் அப்பாவை விட்டுவிட்டுப் போனார்கள். பிறகு அப்பா ஒரே ஒரு முறை ஆத்தூர் போய் அக்காவைப் பார்த்தார். அவர் தவறியபோது அத்தையால் வர முடியவில்லை.

இரட்டைக் கோபுரம் பற்றிச் சொல்ல அதிகமில்லை. சாலையோரம் நின்று, கழுத்து வலிக்கப் பார்த்து, படம் எடுத்துக்கொண்டு கிளம்பினோம். மேலே ஏற நினைத்தால் அரை நாள் அதற்கே போய்விடும்.

பத்துமலையில் அத்தை 272 படிகளையும் கீழே இருந்தே கும்பிட்டார். அவர் காலத்தில் 42.7 மீட்டர் முருகன் சிலை கிடையாது, அது 2006-இல் வந்தது. படிகளின் வண்ணம் 2018-இல் பூசியது. தைப்பூசத்துக்குத் தோட்டத்து லாரியில் நின்றுகொண்டே வந்ததைச் சொல்லிக்கொண்டிருந்தார். அதற்குள் நீண்ட வால் குரங்கு ஒன்று பேத்தியின் கையிலிருந்த பழச்சாற்றுப் புட்டியைப் பறித்து, மூடியைத் திருகித் திறந்து, எங்கள் எதிரிலேயே குடித்தது. குழந்தை அழுதாள். இங்கே கையில் எதையும் வைத்துக்கொள்ளாதீர்கள், குறிப்பாக நெகிழிப் பைகளை.

இங்கிருந்துதான் எங்கள் பாதை கப்பல்காரர்களின் பேருந்திலிருந்து பிரிகிறது. அவர்கள் வந்த வழியே திரும்பிப் போவார்கள். நாங்கள் மேற்கே லாட்டார் நெடுஞ்சாலையைப் பிடித்துக் கோலசிலாங்கூர் போய், அங்கிருந்து கடலோரச் சாலையில் ஜெராம், காப்பார், கிள்ளான் என்று இறங்கினோம். ஒரு வட்டம் போல வரும். நகர நெரிசலுக்குள் மறுபடி நுழைய வேண்டியதில்லை. இரு பக்கமும் செம்பனை, இடையிடையே கம்பம். இந்த வழியை யாரும் விளம்பரப்படுத்துவதில்லை, ஆனால் சிலாங்கூரைப் பார்க்க இதைவிட நல்ல சாலை எனக்குத் தெரியாது.

கோலசிலாங்கூரில் மெலாவத்தி குன்று. டச்சுக்காரர்கள் 1784-இல் பிடித்து, ஓராண்டுக்குள் சுல்தான் இப்ராஹிமிடம் இழந்த கோட்டை இருந்த இடம். பீரங்கிகளும் 1907-ஆம் ஆண்டுக் கலங்கரை விளக்கமும் இருக்கின்றன. இவ்வளவு இருந்தும் அங்கே எல்லோரும் போவது லோத்தோங் குரங்குகளைப் பார்க்கத்தான். சாம்பல் வெள்ளி நிறம், தலையில் கூரான கொண்டை. பத்துமலைக் குரங்குகளுக்கு நேர்மாறான குணம், பறிக்காது. இலைதான் அதன் உணவு. விற்பவர்கள் பயற்றங்காயை நீட்டுவார்கள், பயணிகள் வாங்கி ஊட்டுவார்கள். நான் வாங்க விடவில்லை. காட்டு விலங்கு நம் கையை எதிர்பார்க்கப் பழகிவிட்டால் அதற்குத்தான் கேடு.

குட்டி பிறக்கும்போது பளிச்சென்ற ஆரஞ்சு நிறத்தில் இருக்கும், சில மாதங்களில் சாம்பலாக மாறிவிடும். அன்று ஒரு குட்டி இருந்தது. ஒரு பெண் குரங்கு மடியில் வைத்திருந்தது, இன்னொன்று வந்து வாங்கிக்கொண்டது, பிறகு மூன்றாவது. கூட்டத்துப் பெண் குரங்குகள் இப்படிக் கைமாற்றிக் கைமாற்றிக் குட்டியைப் பார்த்துக்கொள்வது இந்த இனத்தின் வழக்கம். அழுகையை மறந்து பேத்தி உட்கார்ந்துவிட்டாள். அத்தை வெகுநேரம் பார்த்துவிட்டுக் கேட்டார்: “பெத்தவ எவன்னு அதுக்குத் தெரியுமா தம்பி?”

தெரியும் என்றேன். பால் குடிக்க அதனிடம்தானே போக வேண்டும்.

கம்போங் குவாந்தான் மின்மினிகள் பக்கத்தில்தான். சிலாங்கூர் ஆற்றங்கரையில் பெரம்பாங் மரங்களில் ஆயிரக்கணக்கில் உட்கார்ந்து ஒரே தாளத்தில் மின்னி அணையும். ஆனால் இருட்டிய பிறகுதான். மாலையில் கிளம்பும் கப்பலில் வந்தவர்களுக்கு அது கிடைக்காது. பேத்திக்குப் பெரிய ஏமாற்றம்.

காப்பாரை நெருங்கும்போது மூன்றரை. மழை பிடித்துக்கொண்டது. தோட்டத்தை நான் முன்பே விசாரித்து வைத்திருந்தேன், அத்தையிடம் சொல்லவில்லை. ரப்பர் போய்ச் செம்பனை வந்து, அதுவும் போய்க் கிடங்குகளாகிவிட்டது. லயம் இல்லை. சாலையோரத்துக்கு இடம் மாறிய மாரியம்மன் கோயில் மட்டும் இருந்தது. மழையில் இறங்கி அம்மனைக் கும்பிட்ட அத்தை, கிடங்கு வேலியைப் பார்த்து, “அங்கன ஒரு கிணறு இருந்துச்சு” என்றார். அவ்வளவுதான். பிறகு வண்டியில் ஏறி, தாத்தா சொன்ன கதை ஒன்றைத் தன் மகனுக்குச் சொல்லத் தொடங்கினார். 1941-இல் கிள்ளான் வட்டாரத் தோட்டங்கள் வேலைநிறுத்தம் செய்தபோது தாத்தா இளவட்டம். கூலி உயர்வோடு அவர்கள் கேட்டவற்றில் ஒன்று, துரை எதிரே வந்தால் சைக்கிளை விட்டு இறங்கி நிற்க வேண்டும் என்ற வழக்கத்தை நிறுத்துவது. அவர்களைத் திரட்டிய ஆர். எச். நாதன் ‘தமிழ் நேசன்’ இதழில் பணியாற்றியவர். அரசு அவரைப் பிடித்து இந்தியாவுக்கு நாடு கடத்தியது. “சைக்கிளுக்கா?” என்று கேட்டார் அத்தை மகன். “சைக்கிளுக்குத்தான்” என்றார் அத்தை.

போர்ட் கிள்ளானை அடைந்தபோது நாலேகால். நான் கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டே இருந்தேன். நேரே தீவுக்குப் போய்விடுவதுதான் புத்தி. லாரிகள் வரிசை கட்டியிருந்தால் பாலத்துக்கு முன்னாலேயே மாட்டிக்கொள்வோம். அத்தை மகன் தயங்கி, “அம்மா, வேணாம், கப்பல் போயிடும்” என்றார். “எனக்கு ஒண்ணும் புதுசு இல்ல, போனா போகட்டும்” என்றார் அத்தை. பதினைந்து நிமிடம் என்று பேசிக்கொண்டு இறங்கினோம்.

ரயில் நிலையத்துக்கு எதிரே, பூலாவ் கெத்தாம் போகும் படகுத்துறை. 1901-இல் போர்ட் சுவெட்டன்ஹாமாகத் திறந்த துறைமுகம் இதன் பக்கம்தான். திறந்த சில மாதங்களிலேயே மலேரியா தாக்கியது. கிள்ளான் மருத்துவர் மால்கம் வாட்சன் சதுப்பில் கால்வாய் வெட்டி நீரை வடித்த பிறகுதான் காய்ச்சல் அடங்கியது. தாத்தா ஏழு வயதில் தன் அப்பன் கையைப் பிடித்துக்கொண்டு இறங்கியதும் இங்கேதான். 1972-இல்தான் இதற்குப் போர்ட் கிள்ளான் என்று பெயர் மாறியது. அத்தை அந்தப் பெயரை உச்சரிக்கவே இல்லை, கடைசி வரை ‘போர்ட்டு’ என்றே சொன்னார்.

1926 முதல் 1973 வரை நம்மவர்களை ஏற்றி இறக்கிய ‘ரஜூலா’ கப்பலில்தான் அவர் போனார். பினாங்கு, நாகப்பட்டினம், சென்னை. தளத்தில் பாய் விரித்து, ட்ரங்குப் பெட்டியைத் தலைமாட்டில் வைத்துக்கொண்டு. “உங்கப்பன் வந்து நின்னான். பன்னண்டு வயசு. அழவே இல்ல. கப்பல் நகர்ந்தப்ப திரும்பி நின்னுகிட்டான். முதுகுதான் தெரிஞ்சுது.”

அப்பா இதை என்னிடம் சொன்னதில்லை. துறைமுகத்துப் பக்கம் வந்தால் வண்டியை நிறுத்தாமல் போய்விடுவார் என்பது மட்டும் எனக்குத் தெரியும்.

பேத்தி கம்பியைப் பிடித்தபடி, “பாட்டி, உங்க ஷிப்ல ஸ்லைடு இருந்துச்சா?” என்று கேட்டாள். “மழை பெஞ்சா தளமே ஸ்லைடுதான்டி” என்றார்.

பாலத்தில் லாரிகள் இருந்தன. எனக்கு வியர்த்துவிட்டது. ஐந்து இருபதுக்குக் கப்பல்முனையத்தை அடைந்தோம், கெடுவுக்குப் பத்து நிமிடம் முன்பு. கட்டிப்பிடிக்கவோ சரியாக விடைபெறவோ நேரமில்லை. அத்தை உள்ளே போகுமுன் தலையிலிருந்த மல்லிகையில் கொஞ்சம் கிள்ளி என் சட்டைப்பையில் போட்டார். அப்பா படத்துக்கு.

இரவு எட்டு மணிக்குப் புலனத்தில் அவர் குரல்பதிவு வந்தது. காற்றுச் சத்தத்துக்கு நடுவே கேட்டார்: “தம்பி, கரைப்பக்கம் ஒரு வெளக்கு விட்டு விட்டு எரியுது. அந்தக் கொரங்கு மலையா?”

ஆமாம் அத்தை என்று பதில் போட்டேன்.