உங்களுக்குத் தெரியுமா? அரைக் குளிசை பனடோல் பூனையின் மூச்சை நிறுத்தக்கூடும்

பனடோலில் இருப்பது பரசிட்டமோல். நமக்குக் காய்ச்சல் தணிக்கும் அதைச் சிதைக்கும் நொதியம் பூனைக்குப் போதாது. இரத்தம் ஒட்சிசனைச் சுமக்கும் திறனை இழக்கும். முரசு கபில நிறமாகும், முகம் வீங்கும். குட்டிக்கு அரைக் குளிசைகூட வேண்டாம், ஒரு துண்டே போதும். பூனையின் மூச்சைப் பற்றி இன்னும் சில:

• மன்னார் வெயிலில் நாய் நாக்கைத் தொங்கவிட்டு இளைப்பது வழமை. பூனை வாய் திறந்து இளைத்தால் வழமையல்ல. கடும் வெப்பம், ஆஸ்துமா, இதயக் கோளாறு, நெஞ்சுக்குள் நீர், எதுவாகவும் இருக்கலாம்.

• பூனை உரோமத்தை நக்கித்தான் உடம்பைக் குளிர்விக்கும், வியர்ப்பது உள்ளங்காலில். பேசாலைக் கரையில் நண்பகலில் வள்ளத்து நிழலை விட்டு அது அசையாதது சோம்பலால் அல்ல!

• ஓடி விளையாடிய குட்டி சற்று இளைக்கலாம். சில நிமிடங்களில் அடங்க வேண்டும்.

• பூனை உறங்கும்போது அதன் மூச்சை எண்ணிப் பாருங்கள். நெஞ்சு ஏறி இறங்கினால் ஒன்று. 15 வினாடிக்கு எண்ணி 4ஆல் பெருக்குங்கள். 30க்கு மேலேயே நின்றால் மிருக வைத்தியரிடம் காட்டுங்கள். முரசு நீலமானால் எண்ணவே வேண்டாம், உடனே புறப்படுங்கள்.

• மூச்சுத் திணறும் பூனையும் குறுகுறுக்கும். அந்தச் சத்தத்தை நம்பிவிடாதீர்கள்.