தீர்ப்பு பெட்டியிலே, பென்ஷன் எங்கே?

தோழர்களே! வெண்ணந்தூரில், தறிச் சத்தம் ஓயாத தெரு ஒன்றில், பஸ் ஓட்டி ஓய்வு பெற்ற தொழிலாளி ஒருவரை எண்ணிப் பாருங்கள். முப்பதாண்டு ஸ்டியரிங் பிடித்த கை. அந்தக் கையிலே உயர்நீதிமன்ற உத்தரவின் நகல் இருக்கிறது, பணம் இல்லை. "அவமதிப்பு வழக்குப் போடு, அதிகாரி ஜெயிலுக்குப் போகட்டும்!" என்கிறார்கள் திண்ணையில் கூடியவர்கள். கோபம் நியாயமானதே. ஆனால் அந்த ஆயுதம் எவ்வளவு தூரம் பாயும் என்பதை அவருக்கு யாராவது சொன்னார்களா?

பென்ஷன் சர்க்கார் போடும் பிச்சையல்ல. 1982 டிசம்பர் 17-ல் நகரா வழக்கில் சுப்ரீம் கோர்ட் அப்படித்தான் தீர்ப்பளித்தது. அந்த நாளையே ஓய்வூதியர் தினமாகக் கொண்டாடுகிறோம். உரிமையில் ஐயமில்லை. வசூலில்தான் வம்பு!

1971-ம் ஆண்டின் நீதிமன்ற அவமதிப்புச் சட்டம் என்ன சொல்கிறது? உத்தரவை வேண்டுமென்றே மீறினால் ஆறு மாதம் வரை வெறுங்காவல், அல்லது 2,000 ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும். மனப்பூர்வமாக மன்னிப்புக் கேட்டால் அதுவும் ரத்தாகலாம். பாக்கிப் பணத்துக்கு முன்னால் 2,000 ரூபாய் எம்மாத்திரம்? அந்த அபராதமும் கிழவரின் பைக்கு வருவதில்லை.

இதைவிடப் பெரிய பள்ளம் வேறு. தறிக்காரர் கணக்கில் சொல்வோம். "இந்த மாதிரி, இத்தனை முழம், இந்தத் தேதிக்குள்" என்று பாவு கொடுத்தால், தராதவரைச் சட்டையைப் பிடித்துக் கேட்கலாம். "பார்த்துச் செய்" என்று கொடுத்தால்? கந்தலை நீட்டி "செய்தாயிற்று" என்பார்! "மனுவைப் பரிசீலித்துப் பன்னிரண்டு வாரத்தில் உத்தரவிடுக" என்ற தீர்ப்புகள் இந்த ரகம். அதிகாரி பரிசீலிக்கிறார், "தகுதியில்லை" என்று ஒரு தாள் அனுப்புகிறார். அவமதிப்பு வழக்கு அங்கேயே முடிந்தது. அந்தத் தாள் தவறென்றால் புதிதாக ரிட் போட வேண்டும். 1996-ல் ராஜஸ்தான் ஊழியர் ஒருவரின் சீனியாரிட்டி வழக்கில் சுப்ரீம் கோர்ட் வகுத்த விதி இது. 2014-ல், ஓ.என்.ஜி.சி. ரேடியோ ஆபரேட்டர்களுக்காகச் சென்னை உயர்நீதிமன்றம் அவமதிப்பு வழக்கில் கூடுதல் பதவிகளை உண்டாக்கச் சொன்னபோது, மூலத் தீர்ப்பில் இல்லாததைத் தரலாகாது என்று அதையும் ரத்து செய்தது.

கசப்பான விதிதான். ஆயினும் தண்டிக்கும் அதிகாரம் வரம்பில்லாமல் இருந்தால், நாளை அது வேலைநிறுத்தம் செய்யும் தொழிலாளியின் தலையிலும் விடியும் என்பதை நாம் மறக்கலாகாது.

ஆகவே ஜெயிக்க வேண்டிய இடம் முதல் மனு. எந்த மாதம் முதல், எவ்வளவு தொகை, என்ன வட்டி, எந்த அதிகாரி, எத்தனை வாரம் என்று தீர்ப்பிலேயே எழுத வைக்க வேண்டும். அப்படி எழுதப்பட்ட பிறகு, "அப்பீல் போட்டிருக்கிறோம்" என்று அதிகாரி கைவிரித்தால் அஞ்சாதீர்கள். தடையுத்தரவு இல்லாத அப்பீல் வெறும் காகிதம்.

போக்குவரத்துத் தொழிலாளர் கதையைப் பாருங்கள். ஓய்வு பெற்றவர்களுக்கு 2015 நவம்பர் முதல் பஞ்சப்படி உயர்வு நின்றது. 2021-ல் ஆட்சி மாறிற்று, பாக்கி மாறவில்லை. கோர்ட் படிகளில் ஏறி இறங்கிய பிறகும், 2024 ஜனவரி 9-ல் வேலைநிறுத்தத்தில் இறங்கிய சங்கங்கள் அந்தப் பஞ்சப்படியையும் கோரிக்கையாக வைக்க நேர்ந்தது. மறுநாள் உயர்நீதிமன்ற விசாரணையின்போது வேலைநிறுத்தம் ஒத்திவைக்கப்பட்டது. வக்கீலின் பேனாவோடு சங்கத்தின் கொடியும் வேண்டியிருந்தது!

கிளைத் தோழர்களுக்கு ஒரு வேலை. உங்கள் ஊரில் தீர்ப்பு வாங்கி வைத்திருக்கும் பெரியவர் வீட்டுக்கு இந்த வாரமே போங்கள். நகலை வாங்கி, கெடு முடிந்த தேதியைப் பாருங்கள். அவமதிப்பு வழக்குக்கு அன்றிலிருந்து ஓராண்டுதான் அவகாசம். "இன்று தருகிறோம், நாளை தருகிறோம்" என்று ஆபீஸ் குமாஸ்தா இழுத்தடிக்கும் நாட்களும் அந்த ஓராண்டிலேதான் கழிகின்றன.