நண்பனா, பகைவனா?

சென்ற வாரம் விடுதி உணவுக்கூடத்தில் நண்பர் ஒருவர் என்னைக் கேட்டார்: "இத்தனை கருவிகள் இருந்தும் தம் படை விமானத்தைத் தாமே சுட்டு வீழ்த்துகிறார்களே, விமானிக்குக் கண் இல்லையா?" அன்று எனக்கு விடை தெரியவில்லை. பிறகு படித்தறிந்ததை இங்கே எழுதுகிறேன்.

வானில் வருவது தம்முடையதா என்றறியப் போர் விமானங்களில் ஒரு கருவி உண்டு. வானொலி அலையால் அது "நீ யார்?" என்று கேட்கும். எதிரே வரும் விமானத்தின் கருவி, முன்னரே குறித்த எண்ணை விடையாக அனுப்ப வேண்டும். விடை வந்தால் நண்பன். வராவிட்டால் பகைவன் என்று முடிவு கட்டலாமா? கூடாது. கருவி பழுதாகியிருக்கலாம், எண் மாறியிருக்கலாம்.

1994 ஏப்ரல் 14 அன்று வட ஈராக்கில் நடந்ததைப் பாருங்கள். குர்து மக்களைக் காக்கும் பொருட்டு, ஈராக்கிய விமானங்கள் அங்கே பறக்கக்கூடாதென அமெரிக்காவும் தோழமை நாடுகளும் தடை விதித்திருந்தன. அன்று காலை அமெரிக்கத் தரைப்படையின் 'பிளாக் ஹாக்' ஹெலிகாப்டர்கள் இரண்டு துருக்கியிலிருந்து அவ்வெல்லைக்குள் சென்றன. துருக்கியில் ஓர் எண், ஈராக்கிற்குள் வேறோர் எண் என்பது ஏற்பாடு. ஹெலிகாப்டரில் சென்றோர்க்கு அதை எவரும் சொல்லவில்லை. அவர்களுடைய வானொலி அலைவரிசையும் வேறாக இருந்தது. வானில் காவல் புரிந்த ரேடார் விமானத்தார் அவர்கள் வரவை அறிந்திருந்தும் எச்சரிக்கவில்லை.

அமெரிக்க எஃப்-15 விமானங்கள் இரண்டு வந்தன. சரியான விடை கிட்டவில்லை. விமானிகள் அருகே பறந்து பார்த்தனர். பக்கவாட்டில் எண்ணெய்த் தொட்டி மாட்டியிருந்த ஹெலிகாப்டர், ஈராக்கிடம் இருந்த ரஷ்ய 'ஹைண்ட்' போலத் தோன்றிற்று. இரண்டாம் விமானி, இரண்டைக் கண்டதாக மட்டுமே சொன்னார். முதல்வரோ அதையே ஒப்புதலாகக் கொண்டார். ஆளுக்கோர் ஏவுகணை பாய்ந்தது. 26 பேர் மாண்டனர். அவர்களுள் குர்துகளும் இருந்தனர்!

நம் நாட்டிலும் இத்துயரம் நேர்ந்தது. 2019 பிப்ரவரி 27 அன்று, ஸ்ரீநகரை அடுத்த பட்காமில், நம் விமானப்படையின் எம்.ஐ.-17 ஹெலிகாப்டரை நம் ஏவுகணையே வீழ்த்தியது. படையினர் அறுவரும் தரையிலிருந்த ஒருவரும் உயிரிழந்தனர். அது பெரும் பிழை என்று விமானப்படைத் தலைவரே அவ்வாண்டு அக்டோபரில் ஒப்புக்கொண்டார்.

நண்பருக்கு இப்போது விடை சொல்வேன்: ஈராக்கில் விமானிக்குக் கண் இருந்தது, அது எதிர்பார்த்ததையே கண்டது. மற்றவர்களோ, "வேறு யாராவது சொல்லியிருப்பார்கள்" என்று வாளாவிருந்தனர். நாளை இத்தகைய கருவிகளை ஆக்கவும் ஆளவும் போகிறவர்கள் நம்மிடையே இருக்கிறார்கள். ஐயம் எழும்போது இன்னொரு முறை வாய்விட்டுக் கேட்பது இழுக்கன்று. அந்த ஒரு கேள்வி 26 உயிர்களைக் காத்திருக்கும்.